கொம்பில்லாத ஆந்தை

உல்கான் என்ற பெயரை நான் முதலில் கேட்டது ஒரு கோழி இறகின் பேரால். என் சின்ன நாத்தனார் பாத்மா, இப்போது ஓஷ் நகரத்தில் மகளோடு இருக்கிறாளே அவள்தான், தன் கடைசிப் பையனைத் தொட்டிலில் போடும் நாளுக்காகச் சந்தையில் ஆந்தை இறகுக் குஞ்சம் ஒன்று வாங்கி வந்திருந்தாள். அதைத் தொட்டில் கட்டையில் கட்டிவிட்டால் பிள்ளையிடம் கெட்டது எதுவும் அண்டாது. அவள் மாமியார் அதைக் கையில் வாங்கிக்கூடப் பார்க்கவில்லை.

"உல்கான் காதுல வெச்சியா?"

"இல்ல அத்தை."

"அப்ப கொண்டுபோய் கோழிகிட்டயே குடுத்துடு. பாவம், குளிருல நிக்கும்."

நான் மலைக்கு அந்தப் பக்கம் பிறந்தவள். உல்கான் என்பது யாரோ பெரிய மகானின் சமாதி என்றும், அங்கே போய் இறகை வைத்துக் கும்பிட வேண்டும் என்றும் நினைத்துக்கொண்டேன்.

மகானும் இல்லை, சமாதியும் இல்லை. வியாழக்கிழமைச் சந்தையில் உப்புக்கட்டி விற்பவனுக்குப் பக்கத்தில் குல்லாயும் தொட்டில் துணியும் தைத்து விற்கிறவள். நெடுநெடுவென்று உயரம், முன்வரிசையில் தங்கப் பற்கள், ஆண்பிள்ளை மாதிரிக் குரல். பக்கவண்டி வைத்த பழைய மோட்டார் சைக்கிளில் வருவாள். கணவர் இருந்தபோது அந்தப் பக்கவண்டியில் உட்கார்ந்து வந்தவள், அவர் போன பிறகு அதில் குல்லாய் மூட்டையை உட்கார வைத்துவிட்டாள். "மனுஷனவிட இது நல்லது. வழி சொல்லாது" என்பாள்.

யாராவது இறகு கொண்டுவந்து நீட்டினால் கண்ணால் பார்க்கமாட்டாள். தலைத்துணியை ஒதுக்கிக் காதோரம் விசுக்கென்று ஒரு வீச்சு. கோழியானாலும் கழுகானாலும் காற்றைக் கிழிக்கும் சத்தம் வந்துவிடும். ஆந்தை இறகுக்கு மட்டும் சத்தம் கிடையாது. இறகின் ஓரத்தில் சீப்புப்பல் மாதிரி மெல்லிய பிசிர் இருக்கிறது, அதன் மேல்புறமெல்லாம் வெல்வெட்டு. காற்று அதன்மேல் வழுக்கிக்கொண்டு போய்விடும். அதனால்தான் ஆந்தை தலைக்குமேல் வந்தாலும் எலிக்குத் தெரிவதில்லை. ஒருமுறை ஒரு வியாபாரி இறகைத் தேநீரில் ஊறவைத்துப் பழுப்பாக்கிக் கொண்டுவந்தான். உல்கான் காதோரம் வீசிப் பார்த்துவிட்டு, "டீ குடிச்ச கோழி. சர்க்கரை கொஞ்சம் கம்மி" என்று சந்தை முழுக்கக் கேட்கும்படி சொன்னாள்.

எங்கள் பக்கம் ஆந்தை என்றால் மதிப்பு கொம்பன் ஆந்தைக்குத்தான். பாறை இடுக்கில் இருக்கும், ஆட்டுக்குட்டி அளவு உடம்பு, தலையில் இரண்டு கொம்பு மாதிரி இறகு, தணல் போன்ற கண். அக்ரூட் காட்டில் இருக்கிற காட்டாந்தையை யாரும் சட்டை செய்வதில்லை. அது உருண்டைத் தலையும் குட்டை வாலுமாக, பெரிய தொப்பி போட்ட சின்னக் கிழவன் மாதிரி இருக்கும். உடம்பெல்லாம் மரப்பட்டை நிறத்தில் கோடும் புள்ளியும். பொந்து வாயில் உட்கார்ந்திருந்தால் மரத்தின் கணு என்றுதான் தோன்றும். அலங்காரப் பலகைக்காக மரக்கணு வாங்க அலைந்த வியாபாரி ஒருவன் அதைக் கோடாலிக் காம்பால் தட்டிப் பார்த்தான் என்று உல்கான் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள்.

அந்தி நேரத்தில் காட்டிலிருந்து நீளமாக நடுங்கிக்கொண்டே ஒரு கூவலும், அதன் வாலைப் பிடித்தாற்போல் "க்யூவிக்" என்று ஒரு வெட்டும் கேட்கும். எல்லாரும் அதை ஒரே ஆந்தை என்றுதான் சொல்வார்கள். "ரெண்டு. அவன் கூப்பிடுறான், இவ 'வந்துட்டேன், கத்தாத'ங்கறா. உங்க வீட்டுல நடக்குறதுதான்" என்பாள் உல்கான்.

என் கணவருடைய அண்ணன் மகன் எர்மெக். அவன் மனைவி ஜிப்பாருக்கு முதல் இரண்டு பிள்ளைகளும் தொட்டிலிலேயே போய்விட்டன. மூன்றாவது பிறந்ததும் தொக்தோசுன் என்று பெயர் வைத்தார்கள், 'நிற்கட்டும்' என்று அர்த்தம். பெயர் வைத்ததோடு சரி, அவள் பிள்ளையைக் கீழே விடவே இல்லை. மார்பில் போட்டுக்கொண்டு சுவரில் சாய்ந்தபடியே கண்ணயர்வாள், திடுக்கென்று விழித்து மூக்கில் விரல் வைத்துப் பார்ப்பாள். தொட்டிலில் போட நாள் குறிப்போம். கொம்பன் ஆந்தையின் மார்பிறகு, அதுவும் உயிரோடு பிடித்துப் பிடுங்கியது, வந்தால்தான் போடுவேன் என்று தள்ளிவிடுவாள். தூக்கமில்லாமல் அவளுக்குப் பால் வற்றத் தொடங்கியது. எர்மெக் பயந்துபோனான்.

அது வசந்தகாலம், ஆனால் மேட்டில் பனி இன்னும் உருகவில்லை. அளவுக்குத் தொட்டிலையும் கொண்டுபோய் வைத்து, மெத்தை தைக்க உல்கானிடம் கொடுத்திருந்தோம். அதைப் பார்க்க நானும் ஜிப்பாரும் அவள் முற்றத்தில் இருந்தபோது எர்மெக் ஒரு சாக்கோடு வந்தான். மூக்கிலிருந்து காதுவரை நகக்கீறல். சாக்குக்குள் டக் டக்கென்று அலகு தட்டும் சத்தம்.

"கொம்பன் கெடச்சிடுச்சு அக்கா!"

உல்கான் ஆட்டுத்தோல் கையுறையை மாட்டிக்கொண்டு உள்ளே கைவிட்டு, பறவையைக் கால் இரண்டையும் சேர்த்துப் பிடித்து வெளியே எடுத்தாள். விரல்வரைக்கும் இறகு மூடிய கால்கள்.

"கொம்பு எங்கடா?"

"சாக்குல அமுங்கியிருக்கும்."

"ஓ. கண்ணும் அமுங்கிக் கறுத்துடுச்சா? கொம்பனுக்குத் தணலு மாதிரி இருக்கும். இது கறுப்புத் திராட்சை. எங்க புடிச்ச?"

"நீரோடை பக்கத்துப் பெரிய அக்ரூட்டுல. பொந்துக்குள்ள இருந்துச்சு. காலையில."

உல்கான் பறவையைத் தன் பக்கம் திருப்பிப் பார்த்தாள். எர்மெக் அவள் காதருகே குனிந்தான். நான் பக்கத்தில் இருந்ததால் எனக்கும் கேட்டது. "கொம்பன்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்க அக்கா. உங்க காலப் புடிக்கிறேன். அவ தூங்கட்டும்."

ஜிப்பார் பிள்ளையை அணைத்தபடி எழுந்து வந்துவிட்டாள். கண்ணுக்குக் கீழே கன்றிப்போயிருந்தது. "எந்த ஆந்தையா இருந்தா என்ன? ஆந்தைதானே? மார்புல நாலு பிடுங்குங்க அக்கா. நாலு போதும்."

உல்கான் நினைத்திருந்தால் பிடுங்கியிருக்கலாம், பொய்யும் சொல்லியிருக்கலாம். யாரும் அவளைக் கேட்கப்போவதில்லை. அவள் பறவையை மல்லாத்தி அதன் வயிற்றில் ஃபூவென்று ஊதினாள். இறகு இரண்டாகப் பிரிந்தது. நடுவே இறகே இல்லை. வெறும் தோல், உள்ளங்கை அகலத்துக்கு, சிவந்து சுருங்கியிருந்தது.

"தொட்டுப் பாரு."

ஜிப்பார் விரலை வைத்தாள். வைத்ததும் இழுத்துக்கொண்டாள். "காய்ச்சலா? கொதிக்குதே!"

"காய்ச்சல் இல்ல. குஞ்சு வெச்சிருக்கா. அந்தச் சமயத்துல வயித்து இறகு கொட்டிடும். தோலு தோலோட ஒட்டுனாத்தான் குஞ்சுக்குச் சூடு போகும். பிடுங்க வேண்டியத இவ ஏற்கெனவே குஞ்சுக்குக் குடுத்துட்டா. இனிமே நீ பிடுங்கணும்னா சொல்லு, நான் பிடிச்சுக்கறேன்."

எங்கேயோ ஒரு வாசலில் கழுதை கத்தியது. ஜிப்பார் பறவையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அது அவளைப் பார்க்கவில்லை, காட்டுப் பக்கம் தலையைத் திருப்பிக்கொண்டிருந்தது.

"காலையிலேருந்தா குஞ்சுங்க தனியா கெடக்கு?" என்றாள். அப்புறம் புருஷன் பக்கம் திரும்பி, "அறிவிருக்கா உனக்கு?" என்று ஒரு கத்து கத்தினாள்.

"நீதானேடி கேட்ட..."

"அக்கா, வண்டிய எடுங்க."

உல்கான்தான் வண்டி ஓட்ட வேண்டும். எர்மெக் கையில் ஆந்தையைக் கொடுக்க ஜிப்பார் ஒப்பவில்லை. "என்கிட்ட குடுங்க" என்று சால்வையை விரித்தாள். அதற்கு இரண்டு கையும் வேண்டும். ஒரு கணம் நின்றாள். என்னிடம் பிள்ளையை நீட்ட வந்து, தொட்டில் எனக்கும் அவளுக்கும் நடுவில் இருக்கவே, குனிந்து அதிலேயே கிடத்தினாள். இறகு கிடையாது, குஞ்சம் கிடையாது, மெத்தைக்குப் பாதித் தையல்தான் ஆகியிருந்தது. "சித்தி, ஆட்டிவிடுங்க" என்றாள். பக்கவண்டியிலிருந்த குல்லாய் மூட்டையைத் தூக்கி எறிந்துவிட்டு ஆந்தையோடு ஏறி உட்கார்ந்தாள். எர்மெக் உல்கானுக்குப் பின்னால் தொற்றிக்கொண்டான்.

பிறகு நடந்ததை எர்மெக் எங்கள் குடும்பத்து ஒவ்வொரு விருந்திலும் சொல்லியாகிவிட்டது. பொந்து மரத்தடியில் உல்கான் அவன் தலையில் பால் கறக்கும் வாளியைக் கவிழ்த்தாளாம். "எதுக்குக்கா?" என்றானாம். "இவ புருஷன் இங்கதான் எங்கயாவது இருப்பான். உன் மூஞ்சியில இன்னும் ஒரு பக்கம் பாக்கி இருக்கு." அவன் பாதி ஏறுவதற்குள் வாளியில் டங்கென்று ஒரு அறை விழுந்ததாம். பொந்துக்குள் வெள்ளைப் பஞ்சு மாதிரி மூன்று குஞ்சுகள், ஒன்றன்மேல் ஒன்று ஏறிக்கொண்டு, சில்லிட்டு, ஆனால் உயிரோடு. தாயை உள்ளே விட்டுவிட்டு இறங்கித் தூரத்தில் நின்று பார்த்தார்கள். அது வெளியே பறந்துபோகவில்லை.

அவர்கள் திரும்பி வந்தபோது நான் இன்னும் ஆட்டிக்கொண்டிருந்தேன். வண்டி நிற்பதற்குள் ஜிப்பார் குதித்து ஓடி வந்தாள். தொட்டிலுக்குள் எட்டிப் பார்த்தாள். தொக்தோசுன் வாயைத் திறந்துகொண்டு, கை இரண்டையும் மேலே வீசிப்போட்டுத் தூங்கிக்கொண்டிருந்தான். விரலை அவன் மூக்குவரை கொண்டுபோனவள் பாதியிலேயே எடுத்துக்கொண்டாள். பிள்ளையைத் தூக்கவில்லை. தொட்டிலடியில் விரித்திருந்த கம்பளியில் உட்கார்ந்தாள், அப்படியே சாய்ந்தாள். உல்கான் உப்பும் பாலும் போட்ட தேநீர் கொண்டுவருவதற்குள் குறட்டை கேட்டது. எர்மெக் வாசலில் நின்று அழுதான். "அழறதுன்னா தெருவுல போய் அழு. பிள்ளை முழிச்சிக்கும்" என்று அவனுக்குரிய தேநீரையும் தானே குடித்துவிட்டாள் உல்கான்.

அதெல்லாம் நடந்து வருஷங்கள் ஆகின்றன. தொக்தோசுன் பள்ளிக்கூடத்தில் அடிவாங்குகிற அளவுக்கு வளர்ந்துவிட்டான். காட்டாந்தை இறகு வேண்டும் என்று இப்போது பலபேர் வாய்விட்டே கேட்கிறார்கள். குஞ்சுகள் மரத்தைவிட்டு இறங்கிய பிறகு, கோடையில் தாயும் தகப்பனும் தாமாக உதிர்ப்பதை மட்டும் உல்கான் பொறுக்கி வருவாள்.

போன வாரம் ஜிப்பாருக்குப் பெண் பிறந்திருக்கிறது. தொட்டிலில் போட இந்த வெள்ளிக்கிழமையையே குறித்துவிட்டாள். "இறகு இன்னும் வரலையே" என்றேன். "வந்தா கட்டுவோம் சித்தி. அதுக்காகப் பிள்ளை தூங்காம இருக்குமா?" என்று சொல்லிவிட்டு மாவு பிசையப் போய்விட்டாள்.

உல்கான் காட்டில் இருக்கிறாள்.