படம் சொல்லும் தையற்காரர்

காற்றை இரண்டு தடவை மோந்து பார்த்துவிட்டுத்தான் வேதமணி வாயைத் திறக்கிறார். "இந்தா வாரான் பாருங்க, நம்ம வெள்ளத்தொப்பி" என்று ஒரு வரி. மறுபடி மோப்பம். பிறகு அடுத்த வரி. போன வருஷம் வரை சிட்டிகை சிட்டிகையாக மூக்குப்பொடி போட்ட மனிதர், இப்போது தொடுவதில்லை. மூக்கு அடைத்துக்கொண்டால் புகை வாடை தெரியாதாம்.

பகலில் ஸ்ரீவில்லிபுத்தூர் மடவார் வளாகத்தில் தையற்கடை. பொழுது சாய்ந்தால் ஊர் ஊராக இடம் மாறும் கூடாரக் கொட்டகையில் அமெரிக்க ஊமைப்படங்களுக்குக் கதை சொல்லும் உத்தியோகம். திரைக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு, இங்கிலீஷில் வரும் எழுத்தைத் தமிழில் சொல்லி, எழுத்து இல்லாத இடத்தைத் தாமே இட்டு நிரப்புவார். படத்தை முன்கூட்டிப் பார்க்கும் பாக்கியம் அவருக்கில்லை. மதுரையிலிருந்து படப்பெட்டி வந்து இறங்கும்போதே விளக்கேற்றும் நேரமாகிவிடும். ஜனங்களோடு ஜனமாக அவரும் அப்போதுதான் முதல் தடவை பார்க்கிறார். ஆனாலும் அடுத்து என்ன வரும் என்பதைச் சொல்லிவிடுவார்.

எப்படி என்று கடைக்கே போய்க் கேட்டேன். தையல் மிஷினை மிதித்துக்கொண்டே சொன்னார்: "அமெரிக்காக்காரனும் நம்மளப் போலத்தான் அய்யா, வெட்டித் தைக்கான்." ஒரு முகத்தை மட்டும் திரை நிறையக் காட்டினால் ஏதோ சேதி வரப்போகிறது. கடிகாரத்தைக் காட்டினால் யாரோ நேரத்துக்கு வந்து சேரப்போகிறார்கள். தண்டவாளத்தில் கட்டிப்போட்ட பெண்ணில் ஒரு துண்டு, குதிரையில் வருகிறவனில் ஒரு துண்டு என்று மாற்றி மாற்றி வைத்துத் தைப்பான். துண்டு சிறுக்கச் சிறுக்கப் பார்க்கிறவனுக்கு நெஞ்சு அடித்துக்கொள்ளும். இருட்டு வட்டமாகச் சுருங்கி மூடிக்கொண்டால் ஓர் அத்தியாயம் தீர்ந்தது. இதையெல்லாம் கொட்டகை ஜனங்களுக்கும் அவர் பழக்கிவைத்திருந்தார். "அமெரிக்காக்காரன் காரணமில்லாம ஒரு நூலக்கூட விடமாட்டான்" என்பார். சுற்றுவட்டாரத்தில் செட்டியார்பட்டி வரைக்கும் அதை நம்பினார்கள்.

வெட்டுவதைப் பற்றிப் பேசும்போது கை தானாகக் கத்தரிக்கோலைத் தடவுகிறது. அது துணியைத் தவிர வேறொன்றிலும் படக்கூடாது. மனைவி அன்னாள் ஒருநாள் அதில் காகிதம் நறுக்கப்போய், இரண்டு நாள் வீட்டில் பேச்சுவார்த்தை இல்லை. கடையில் வைத்துப் பூட்டவும் மனசு வராமல், துணிப்பையில் போட்டு இடுப்பில் செருகிக்கொண்டே கொட்டகைக்கு வருகிறார்.

போன மாசியில் கொட்டகை ராஜபாளையத்தில் இருந்தது. ஒருநாள் மூன்றாவது ரீலில் ஒரு பெண்ணின் முகம் திரை நிறைய வந்து அசையாமல் நின்றது. கன்னத்தில் பழுப்பாக ஒரு கறை தோன்றிக் கொப்புளித்துப் பரவியது. அமெரிக்காக்காரனின் புது உத்தி என்று நினைத்துவிட்டார் வேதமணி. "பாவம், அவ மனசு வேகுது. அதத்தான் காட்டுதான்" என்றார். ஜனங்கள் உச்சுக்கொட்டிக்கொண்டு பார்த்திருந்தார்கள். வெந்தது அவள் மனசல்ல, படம் காட்டும் மெஷினில் விளக்குச் சூட்டுக்கு முன்னால் சிக்கி நின்றுபோன பிலிம்.

ஆப்பரேட்டர் முத்துவீரன் அலறிய பிறகுதான் எழுந்தார்கள். அதற்குள் தீ கூடாரத்துத் துணியில் தாவிவிட்டது. ஆண்கள் முன்வாசல் வழியாக ஓடினார்கள். பெண்கள் உட்காரும் பக்கத்தில் தனி வாசல் கிடையாது. டிக்கெட் இல்லாமல் யாரும் ஊர்ந்து நுழையாதபடி அங்கே துணியின் விளிம்பைக் கயிறு போட்டு முளையோடு இறுக்கியிருந்தார்கள். எப்படியோ கிழித்துக்கொண்டு வெளியே வந்துவிட்டார்கள், உயிர்ச்சேதம் இல்லை. கடலை விற்கும் கருத்தம்மாளுக்கு மட்டும் இடது கை முழங்கை வரை வெந்துவிட்டது. பார்க்கப் போன வேதமணியை அவள் ஏசவில்லை. "நீங்க சொல்லுததக் கேட்டுக்கிட்டுல்லா இருந்தோம்" என்றாள். இதை என்னிடம் சொல்லும்போது அவர் தலை நிமிரவில்லை.

அன்று பிடித்த பயம் இன்னும் விடவில்லை. திரையில் முகம் பெரிதாக வந்தாலே நாக்கு ஒட்டிக்கொள்கிறது. வேலையை விட்டுவிடலாமே என்றேன். "நான் நின்னுட்டா அந்தக் கயித்த யாரு அவுப்பா?" என்று கேட்டார். தினமும் ஆட்டத்துக்கு முன்னால் பெண்கள் பக்கம் போய் முடிச்சுகளை அவிழ்ப்பது இவர் வழக்கம். ஆள் விட்டு மறுபடி கட்டச்சொல்வது முதலாளி சுப்புராஜ் வழக்கம். அவர் கெட்டவரல்ல, தீ ஒருநாள் வந்தது, திருட்டுத்தனமாய் நுழைகிறவன் தினமும் வருகிறான் என்பது அவர் கணக்கு. கடைசியில், இனிமேல் கயிற்றில் கை வைத்தால் கதை சொல்ல வேறு ஆள் பார்த்துக்கொள்வேன் என்று சொல்லிவிட்டார்.

போன சனிக்கிழமை முதலாட்டத்துக்கு நானும் போயிருந்தேன். கொட்டகை இப்போது ஸ்ரீவில்லிபுத்தூருக்கு வந்துவிட்டது. பெண்கள் பக்கத்தில் புது நார்க்கயிறு. தண்ணீரில் ஊறப்போட்டுக் கட்டியிருந்ததால் முடிச்சுகள் கல்லாக இறுகிக் கிடந்தன. மணி அடிக்கும்வரை வேதமணி நகத்தால் நெம்பிப் பார்த்தார். ஒன்றுகூட அசையவில்லை. உள்ளே நாற்பது பெண்கள் இருப்பார்கள். கருத்தம்மாளும் கடலைக் கூடையோடு உட்கார்ந்திருந்தாள்.

மூன்றாவது ரீலில் ஒரு மாடிவீடு பற்றிக்கொண்டது. நெருப்புக் காட்சி வந்தால் பிலிமையே சிவப்புச் சாயத்தில் முக்கியெடுத்து அனுப்புவது அமெரிக்காக்காரர்கள் வழக்கம். திரை சிவந்தது, பார்த்தவர்கள் முகமெல்லாம் சிவந்தது. எல்லாரும் திரையைப் பார்க்க, வேதமணி மட்டும் திரும்பி மெஷினைப் பார்த்தார். மோந்தார். கடலை வாசனைதான். ஆனாலும் கால் நிற்கவில்லை. "மாடியில பிள்ள நிக்கி. அவன் ஏணியத் தூக்கிக்கிட்டு ஓடியாரான்" என்று கதையை விடாமல் சொல்லிக்கொண்டே பெண்கள் பக்கத்து ஓரத்துக்கு நடந்தார். முன்வரிசை நாற்காலியிலிருந்து சுப்புராஜ் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். வேதமணியும் அதைப் பார்த்தார்.

"செத்த நேரம் பொறுங்க, வந்துருவான்" என்று ஜனங்களுக்குச் சொல்லிவிட்டுக் குனிந்தார். இடுப்புப் பையிலிருந்து கத்தரிக்கோலை எடுத்து, அதன் வாயில் முதல் கயிற்றை வைத்து இரண்டு கையாலும் அழுத்தினார். நார் அறுபட நேரம் பிடித்தது. அறுந்ததும் அடுத்த கயிற்றுக்கு நகர்ந்தார்.