மணிலாக்காரி கேட்ட கேள்வி

ஹென்றி இருபது வருஷம் சரக்குக் கப்பலில் எஞ்சினுக்கு எண்ணெய் போட்டவன். கூட இருந்தவர்கள் பாதிப்பேர் பிலிப்பைன்ஸ்காரர்கள். அவர்களோடு சண்டை போட்டே அவர்கள் பாஷையைப் பிடித்துக்கொண்டான். கப்பல் வேலை முடிந்ததும் மனைவி ஜெரினாவின் ஊரான முகத்துவாரக்குப்பத்துக்கு வந்து, எங்கள் லோகநாதன் படகில் ஏறினான். என்ன இருந்தாலும் வெளியூர்க்காரன் என்ற எண்ணம் எங்களுக்குப் போகவில்லை.

தொண்ணூற்றொன்பதில் மணிலாவிலிருந்து ரொவேனா என்று ஒரு அம்மா வந்தார். காலேஜில் வரலாறு சொல்லிக் கொடுப்பவராம். ராயபுரத்தில் கப்பல்களுக்குச் சாமான் போடும் கடையில் விசாரித்து ஹென்றியைப் பிடித்தார். அந்தக் காலத்தில் இங்கிலீஷ்காரன் ஸ்பெயின்காரனிடமிருந்து மணிலாவைப் பிடிக்க மதராஸிலிருந்து சிப்பாய்களைக் கப்பலேற்றினானாம். சிலர் திரும்பாமல் அங்கேயே குடும்பமாகிவிட்டார்கள். அவர்கள் யார், எந்தப் பாஷை பேசினார்கள், பேரப்பிள்ளைகள் அதை எப்படி மறந்தார்கள் என்பதுதான் அந்தம்மாவின் ஆராய்ச்சி என்று ஹென்றி சொன்னான்.

நான் நம்பவில்லை. சுற்றிலும் கம்பெனிக்காரர்கள் இடம் அளந்துகொண்டிருந்த நேரம். யார் வந்து கேட்டாலும், 'இங்கிலீஷ்காரனுக்கு முன்னாலிருந்தே இங்கேதான், எங்கள் வம்சத்தில் ஒருத்தரும் வெளியே போனதில்லை' என்று சொல்லச் சொல்லி ஊரில் பேசி வைத்திருந்தோம். போனவன் உண்டென்று சொன்னால் குடியிருக்கும் இடத்துக்குப் பட்டா கிடைக்காது என்ற பயம். ஹென்றி கூட்டிப்போன ரொவேனாவுக்கும் வீட்டுக்கு வீடு அதே பதில்தான்.

மீன் விற்கும் கன்னியம்மா வீட்டு வாசலில் அந்தம்மா தன் கதையையும் சொன்னார். ஸ்பெயின்காரன் பட்டியல் போட்டு, ஊருக்கு ஒரு எழுத்தில் தொடங்கும்படி குடும்பப் பெயர்கள் கொடுத்தானாம். தாத்தாவின் பெயரே அப்படி வந்ததுதானாம். ஹென்றி அதைத் தமிழில் சொன்னதும் கன்னியம்மா மீன்கூடையை இறக்கினாள்.

"பேர வெச்சவன் நெலத்த மட்டும் வுட்டானாமா? நீ யாருக்கு ஆள் புடிச்சிகினு கீற, நைனா?"

இடம் பிடிப்பவர்களுக்கு ஹென்றி ஆள் கூட்டி வந்தான் என்று அந்த ஞாயிறு கோயில் வாசலில் பஞ்சாயத்து கூடியது. ஊரைவிட்டு விலக்கி வைத்தால் ஹென்றியை எந்தப் படகும் ஏற்றாது, ஜெரினாவுக்குக் குழாயடியில் ஒரு குடம் தண்ணீர் கிடைக்காது. தீர்ப்புச் சொல்லும் நாட்டாராக உட்கார்ந்தவர் லோகநாதன். ரொவேனாவைக் கூப்பிட்டு விசாரிக்கலாம் என்றார்கள் சிலர். அவர் சொல்வதைத் தமிழாக்குபவனே குற்றவாளி, அவனை எப்படி நம்புவது என்றேன் நான்.

லோகநாதன் வேறு வழி எடுத்தார். அந்தம்மா என்ன கேட்டார் என்று ஒவ்வொரு வீட்டாரையும் சொல்லச் சொன்னார். எல்லோரும் சொல்லி முடித்ததும் தாடையைச் சொறிந்துகொண்டே பேசினார்.

"எடம் புடிக்க வர்றவன் யார் கீறான்னு கேப்பான், எவ்ளோ அடின்னு கேப்பான். இந்தம்மா போனவன் யாருன்னுல்ல கேக்குது. போனவன வெச்சி எவன் நெலம் புடிப்பான்?"

விலக்கு இல்லை, ஆனால் ஹென்றி இனி ஊரைக் கேட்காமல் யாரையும் கூட்டி வரக்கூடாது என்று முடிந்தது. ஜெரினா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு குடத்தோடு குழாயடிக்குப் போனாள்.

மறுநாள் கன்னியம்மாவே ஹென்றியையும் அந்தம்மாவையும் கூப்பிட்டுவிட்டாள். அவள் புருஷன் வழியில் ஒருவர் வெள்ளைக்காரன் கப்பலேறிப் போய்த் திரும்பவில்லையாம். ரொவேனா கண் விரிய, போனவர் பெயரைக் கேட்டார்.

"அத்த மட்டும் கேக்காதன்னு சொல்லு" என்றாள் கன்னியம்மா. "பட்டா கைக்கு வரட்டும்."