இரண்டாவது கண்மலர்

பதுளைக் கடைவீதியில் நேற்று ஒரு பட்டறையைக் கடந்தபோது, வெள்ளியைப் புளித்தண்ணீரில் வெளுக்கும் வாசனை என்னை நிறுத்தியது. அறுபது ஆண்டுகளுக்கு முன், அதே வாசனையின் நடுவே, இடக்கண்ணில் கட்டுடன் அம்மாவின் அருகில் அமர்ந்திருந்தேன்.

என் கண் தெளிய வேண்டி, எனது பழைய வெள்ளி அரைஞாணை உருக்கி, மாரியம்மனுக்கு ஒரு சோடி கண்மலர் சாத்துவதாக அம்மா நேர்ந்திருந்தார். ஆசாரி எதையாவது கலந்துவிட்டால் அம்மன் ஏற்கமாட்டாளே என்ற அச்சத்தில், தெமோதரைத் தோட்டத்திலிருந்து தாமே வந்து உலையின் முன் அமர்ந்துகொண்டார்.

“கைய விரிங்க ஆசாரி. நகத்தையும் காட்டுங்க.”

“வாயையும் தொறக்கவா தாயி?”

“தொறங்க.”

அவர் திறந்தே காட்டினார்.

புகை பட்டு அம்மா கண்ணைத் துடைத்த நொடியில், ஆசாரி மடியிலிருந்து எதையோ எடுத்து உருகும் வெள்ளியில் போட்டார். என் ஒற்றைக் கண் அதைக் கண்டுவிட்டது.

“அம்மா, என்னமோ போட்டாரு!”

“என்னத்தப் போட்டீங்க? ஈயமா?”

“வெள்ளிதாங்க. ஒங்க அரைஞாண் தேஞ்சு நூலாப் போச்சு, ஒரு கண்ணுக்குத்தான் காணும். ஆத்தாளுக்கு ஒத்தக் கண்ணா சாத்துவீங்க?”

“மொதல்லயே சொல்றதுக்கென்ன?”

“சொன்னா விட்டிருப்பீங்களா?”

அம்மா அதை நம்பவில்லை. உருகிக் கலந்ததைப் பிரிக்கவும் வழியில்லை. மறுநாள் கோயிலில் கண்மலர்களை ஏந்தி, எல்லோரும் கேட்கவே முறையிட்டார்: “ஆத்தா, இதுல பாதி எம்புள்ளையோடது. மிச்சம் என்னன்னு நீயே அந்த ஆசாரியக் கேட்டுக்க.”

கட்டுப் போட்டிருந்த அந்த இடக்கண்ணால்தான் இன்றும் பதிகம் படிக்கிறேன். அது தெளிந்தது என் அரைஞாண் வெள்ளியால் மட்டுமே என்று அம்மா கடைசிவரை சாதித்தார்.