அன்ஃபிட் ஆனவளோட எடம்

"ஃபிட்"ங்கிற வார்த்தையை ஒரு நாளைக்கு எத்தனை வாட்டி சொல்லுவேன்னு எனக்கே தெரியாது. என் வேலை அப்படி. ஒரு கம்பெனிக்கு ஆள் எடுக்கிற டிபார்ட்மென்ட்ல இருக்கேன். தர்மபுரிலேருந்து பஸ் புடிச்சு, கடன் வாங்கின ஷூவைப் போட்டுக்கிட்டு இன்டர்வியூவுக்கு வந்திருக்கிற புள்ளைங்ககிட்ட, "நல்லாத்தான் பண்ணீங்க, ஆனா இந்த ரோலுக்கு ஃபிட் இல்ல"ன்னு சிரிச்சுக்கிட்டே சொல்லணும். சிரிக்கிறதுக்கும் சேர்த்துத்தான் சம்பளம். அதுங்க மூஞ்சி சுருங்குறதைப் பாத்து எனக்கு ஒண்ணும் ஆனதில்ல. சொல்றவளுக்கு என்ன வலி? கேக்கிறவங்களுக்குத்தானே.

அப்போ நாங்க பெங்களூரு தொம்மலூர்ல, பழைய ஊருக்குள்ள இருந்தோம். மெயின் ரோட்டுல எல்லாம் கண்ணாடி ஆபீஸ். பின்னாடி வந்தா, எதிர்ல ஒருத்தர் வந்தாலே செவுத்தோட ஒட்டிக்கணும், அந்த மாதிரி சந்து. வீட்ல மூணு பேரு. நான், என் வீட்டுக்காரர், அவரோட அம்மா. அவர் ஒரு காலேஜ்ல விலங்கியல் வாத்தியார், பரிணாமம் நடத்துவாரு. அத்தை கோலார் தங்கவயல்காரங்க. மாமனார் அங்க சுரங்கத்துல வேலை பாத்தவரு, நான் வாக்கப்பட்டு வர்றதுக்கு ரொம்ப முன்னாடியே போய்ச் சேர்ந்துட்டாரு. எங்களுக்குக் கொழந்தை இல்ல. பாக்காத டாக்டர் இல்ல, சுத்தாத கோயில் இல்ல. கடைசியா ஒரு டாக்டரம்மா எங்க ரெண்டு பேரோட ரிப்போர்ட்டையும் பொரட்டிப் பாத்துட்டு, "உங்க ரெண்டு பேர்கிட்டயும் கொறை ஒண்ணும் தெரியல, கரு ஏன் நிக்கலன்னு எங்களுக்கும் புரியல"ன்னாங்க. கொறை தெரியலன்னா அது பொம்பளையோட கொறைன்னுதானே நம்ம ஊர்ல அர்த்தம்.

ஒரு ஞாயித்துக்கெழமை அவரோட காலேஜ்லேருந்து ரெண்டு வாத்தியாருங்க பொண்டாட்டியோட சாப்பிட வந்தாங்க. சிவாஜிநகர் போயி கூட்டத்துல இடிபட்டுக் கறி வாங்கியாந்தது நான், அலசினது நான், ஆக்கினதும் நான். பந்தியில வாய் மட்டும் அவரோடது. வந்ததுல ஒருத்தன் ஜிம்முக்குப் போறவன், சட்டைக்கைய மடிச்சு மடிச்சு விட்டுக்கிட்டு, "ஃபிட்னெஸ்தான் சார் வாழ்க்கை"ன்னு ஏதோ சொல்லிட்டான். போச்சு, எங்க வீட்டுக்காரருக்கு மணி அடிச்ச மாதிரி ஆயிடுச்சு.

"தம்பி, அது ஜிம்காரன் ஃபிட்னெஸ். எங்க பாடத்துல வேற"ன்னு ஆரம்பிச்சாரு. "எங்க பாடத்துல பலம் கெடையாது, அழகு கெடையாது, ஆயுசுகூட கெடையாது. எத்தனை புள்ளைய விட்டுட்டுப் போன, அதுங்க பொழச்சு வளந்து மறுபடி புள்ள பெத்துச்சா, அவ்ளோதான் கணக்கு. தொண்ணூறு வயசு வரைக்கும் வாழ்ந்த பயில்வானுக்குப் புள்ள இல்லன்னா அவன் ஃபிட்னெஸ் சைபர். நம்ம சந்துல ஒரு பெட்டை நாய் திரியுதே, ஒரு காது அறுந்து, சொறி புடிச்சு. வருஷா வருஷம் குட்டி போடுது. பரிசுக் கோப்பைய அதுக்குத்தான் குடுக்கணும்." நல்லா நடத்துவாரு, அதை ஒத்துக்கணும். 'தக்கது தப்பிப் பிழைக்கும்'னு பள்ளிக்கூடத்துல சொல்லிக்குடுக்கிறதே அரைகுறைன்னாரு. தப்பிச்சா மட்டும் பத்தாதாம். தக்கதுன்னா வல்லதும் இல்லையாம், நல்லதும் இல்லையாம். இருக்கிற எடத்துல புள்ளைகுட்டி பெருக்கிட்டுப் போறது எதுவோ அதுதான் தக்கதாம்.

"அப்ப உங்க ஃபிட்னெஸ் எவ்ளோ சார்?"ன்னு கேட்டான் அந்த ஜிம்காரன். வெகுளியாத்தான் கேட்டான், பாவி. அவன் பொண்டாட்டி அவன் தொடையில கிள்ளினதை நான் பாத்தேன். என் வீட்டுக்காரர் சோத்துல ரசத்தை ஊத்திக்கிட்டே, "என்னைக் கேட்டா? ஃபேக்டரி அங்க நிக்குது பாரு"ன்னு கரண்டியால என்னைக் காட்டினாரு. சிரிச்சாங்க. சிரிக்கக் கூடாதுன்னு தெரிஞ்சவங்களும் சேர்ந்து சிரிச்சாங்க. அந்த ரசச்சட்டிய எடுத்து அந்தாள் தலைல கவுத்திருக்கணும். நான் என்ன கேட்டேன் தெரியுமா? "இன்னொரு அப்பளம் வெக்கட்டுமா"ன்னு கேட்டேன்.

மறுநாள் காலைல அத்தை சமையக்கட்டு வாசப்படியில ஒக்காந்து பூண்டு உரிச்சிக்கிட்டு இருந்தாங்க. நான் ஆபீசுக்குக் கெளம்பி டப்பா கட்டிக்கிட்டு இருக்கேன். "ஏம்மா, நேத்து அவன் அன்ஃபிட்டுன்னு சொன்னானே, அது உன்னத்தானே?"ன்னாங்க.

"அப்படிச் சொல்லல அத்தை. ஃபிட்னெஸ் சைபர்னாரு. அது ஏதோ பாடம்."

"ரெண்டும் ஒண்ணுதாம்மா. எனக்குத் தெரியாதா அந்த வார்த்தை?"

தங்கவயல்ல அந்த வார்த்தை தெரியாத வீடு கெடையாதாம். சுரங்கத்துல பாறை ஒடைக்கிற தூசி நெஞ்சுல எறங்கிடும். இருமல் வரும், மூச்சு எளைக்கும். ஆஸ்பத்திரில எக்ஸ்ரே எடுத்துப் பாத்துட்டு டாக்டர் 'அன்ஃபிட்'டுன்னு எழுதிட்டாருன்னா அந்த ஆளு அப்புறம் கீழ எறங்க முடியாது. மாமனாருக்கும் எழுதிட்டாங்க. ஆனா எடம் காலியா கெடக்கக் கூடாதில்ல? அன்ஃபிட் ஆனவன் வீட்லேருந்தே ஒரு ஆளை எடுத்துக்குவாங்களாம். என் வீட்டுக்காரர் அப்போ கைக்கொழந்தை. அதனால மாமனாரோட தம்பியை எடுத்துக்கிட்டாங்களாம்.

"அதுக்காக அவரை வெளிய தொரத்திட்டமா, இன்னா?"ன்னாங்க அத்தை. "மூலைல கட்டில் போட்டுக் குடுத்தோம். வேளாவேளைக்குக் கஞ்சி குடுத்தோம். சாவுற வரைக்கும் மரியாதையாத்தான் வெச்சிருந்தோம்." கையில இருந்த பூண்டை உரிச்சு முடிச்சு, தட்டுல போட்டுட்டு, "உனக்கும் ஒரு தங்கச்சி இருக்கா இல்ல"ன்னாங்க.

சத்தியமா எனக்கு மொதல்ல வெளங்கவே இல்ல. வெளங்கினதும் டப்பாவை அப்படியே விட்டுட்டு அவங்க பக்கம் திரும்பினேன். அவங்க குத்திக்காட்டணும்னு சொல்லல, கோவத்துலயும் சொல்லல. ரேஷன் கடைல அரிசி தீந்துபோச்சா, கோதுமை வாங்கியாங்கிற மாதிரி சொன்னாங்க. "உன்னையும் யாரும் தொரத்த மாட்டோம்மா. கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்கோ"ன்னு வேற.

என் தங்கச்சி என்னைவிட ரொம்ப எளையவ. எங்கப்பா போனப்புறம் அவளைப் படிக்கவெச்சது நான். பெங்களூருலயே லேடீஸ் பீஜி ஹாஸ்டல்ல தங்கி ஒரு ரத்தப் பரிசோதனை லேப்ல வேலை பாத்துக்கிட்டு இருந்தா. அவளை எந்த நாசமாப் போன வீட்டுல குடுத்தாலும் குடுப்பேன், இந்த வீட்டுல குடுக்க மாட்டேன்னு அன்னிக்கே முடிவு பண்ணிட்டேன்.

சாயங்காலம் என் வீட்டுக்காரர்கிட்ட சொன்னேன். "அம்மாவுக்கு வயசாச்சு, விடு"ன்னு ஒரு வார்த்தை சொல்லுவாருன்னு பாத்தேன். அதுக்குமேல நான் எதிர்பாக்கல. ஆனா அவரு கையில இருந்த போனைக் கீழ வெச்சாரு. பாடம் நடத்தணும்னாத்தான் அவரு போனைக் கீழ வெப்பாரு.

"எமோஷனலா பாக்காத. தியரியா பாத்தா அம்மா சொல்றதுல ஒரு லாஜிக் இருக்கு. இன்க்ளூசிவ் ஃபிட்னெஸ்னு ஒண்ணு உண்டு. நீ பெத்தது மட்டும் உன் கணக்கு இல்ல. உன் ரத்த சொந்தம் பெக்கறதுலயும் உனக்குப் பங்கு இருக்கு. சொந்தப் புள்ளகிட்ட உன்னோடது பாதி இருக்கும். தங்கச்சி புள்ளகிட்ட கால்வாசி."

"அவளுக்கு எங்கயோ ஒரு நல்ல எடத்துல கல்யாணம் ஆகும், புள்ள பொறக்கும். அந்தக் கால்வாசி அப்பவும் எனக்கு வரும்தானே. நடுவுல நீங்க எதுக்கு?"

அவரு கண்ணு பளிச்சுன்னு ஆச்சு பாருங்க! கல்யாணம் ஆனதுலேருந்து என்னை அப்படிப் பாத்ததே இல்ல. "குட் கொஸ்டின். எல்லாரும் இங்கதான் சறுக்குவாங்க. சும்மா பொறக்கிற தங்கச்சி புள்ள எல்லாம் உன் கணக்குல சேராது. நீ ஒண்ணை விட்டுக்குடுத்து, அதனால கூடுதலா ஒண்ணு பொறந்தா அது மட்டும்தான் சேரும். நீ எடத்தை விட்டாத்தான் உனக்கு மார்க்கு."

எதிர்ல இருக்கிறது கட்டின பொண்டாட்டிங்கிறதே அவருக்கு மறந்துபோச்சு. கையை ஓங்கியிருந்தா திருப்பிக் குடுத்திருப்பேன், எனக்கு அந்தத் தெம்பு உண்டு. சாக்பீஸ எடுத்துக்கிட்டு வந்து அடிக்கிறவன என்னத்தால அடிக்கிறது? "தூ"ன்னு மட்டும் சொன்னேன். "இது வெறும் தியரி, நான் ஒண்ணும் செய்யச் சொல்லலையே"ன்னாரு உடனே. கோர்ட்டு, சட்டம் எல்லாம் தெரிஞ்ச மனுஷன் இல்லையா. ஆனா மறுவாரம், "டைவர்ஸ்ல கையெழுத்துப் போட்டுப் பிரிஞ்சுட்டு நீ இங்கயே இருந்துக்கோம்மா"ன்னு அத்தை சொன்னப்போ, வேணாம்னு ஒரு வார்த்தை அவரு வாயிலேருந்து வரல.

குடியாத்தத்துல இருக்கிற எங்கம்மாவுக்குப் போன் போட்டு அழுதேன். இதுங்களைச் செருப்பால அடின்னு சொல்லும்னு நெனச்சேன். அம்மா, "பேய்க்கு வாக்கப்பட்டா புளியமரம் ஏறித்தான் ஆகணும். வெளியாளு ஒருத்தி வந்து உன்னைச் சோத்துக்கு அலையவிடறதுக்கு, நம்ம புள்ளையே வந்தா தேவல இல்லம்மா"ன்னுச்சு. அத்தை ஏற்கெனவே அம்மாகிட்ட பேசியிருக்காங்க. பெத்தவளே ஒரு மகளைக் காப்பாத்த இன்னொரு மகளை அடகு வெக்கிறா! வேலை நேரத்துலயே ஆபீஸ்லேருந்து எழுந்து ஓடினேன்.

தங்கச்சியை சிவாஜிநகர் பஸ் ஸ்டாண்டுகிட்ட ஒரு டீக்கடைக்கு வரச்சொன்னேன். வந்தா. டீ சொன்னேன், அவ குடிக்கல. "உனக்கு விஷயம் தெரியுமாடி?"ன்னேன்.

"தெரியும்க்கா. நான் சரின்னு சொல்லிட்டேன்."

"என்னாது?"

"உனக்குச் சம்மதம்னு அத்தை சொன்னாங்க. நான் வேணாம்னு சொன்னா வெளியில பொண்ணு பாப்பாங்களாம். அப்புறம் உன்னை அந்த வீட்டுல யாரு வெச்சுக்குவாங்கன்னு கேட்டாங்க."

"மாமாவ உனக்குப் புடிக்குமாடி?"

"அந்தாள் மூஞ்சியப் பாத்தாலே எனக்கு வாந்தி வரும்"னா. குனிஞ்சுக்கிட்டு அழ ஆரம்பிச்சுட்டா. "வேற என்னக்கா பண்றது? நீ எங்க போவ?"

பளார்னு ஒண்ணு விட்டேன். டீ குடிச்சிக்கிட்டு இருந்தவங்க எல்லாம் திரும்பிப் பாத்தாங்க. ஒரு பாய் "ஏம்மா, இன்னா ஆச்சு"ன்னு எழுந்தே வந்துட்டாரு. அவளைக் கட்டிப்புடிச்சுக்கிட்டு நானும் அழுதேன். என் மேல இவ்ளோ பாசம் வெச்ச ஜீவன் இந்த ஒலகத்துல வேற கெடையாது. அந்தப் பாசத்தை வெச்சுத்தான் அவளுக்குத் தூக்கு மாட்டப் பாத்தாங்க. நான் அந்த வீட்டுல இருக்கிற வரைக்கும் அவ சரின்னுதான் சொல்லுவா. நான் அங்க இல்லன்னா அவளுக்கு அங்க என்ன வேலை? அவ்ளோதானே விஷயம்!

அந்த வாரமே ஒக்கலிபுரத்துல வீடு பாத்தேன். ஸ்டேஷனுக்குப் பின்னாடி, ரயில் போனா சமையக்கட்டுல பாத்திரம் எல்லாம் ஆடும். தனியா இருக்கிற பொம்பளைக்குக் குடுக்கிறோமேன்னு ஓனரம்மா ஆயிரம் கேள்வி கேட்டாங்க. கெளம்புற அன்னிக்கு அத்தைகிட்ட, "எடம் காலி அத்தை. ஆனா எங்க வீட்லேருந்து ஆளு வராது. வெளியில பாத்துக்கோங்க"ன்னேன். வீட்டுக்காரர் பக்கம் திரும்பி, "உங்க கணக்கும் இன்னிவரைக்கும் சைபர்தான். போயி அந்த நாய்க்குக் கோப்பையக் குடுத்துட்டு வாங்க"ன்னேன். அத்தை "ஐயையோ, என் புள்ளையப் பாத்து அன்ஃபிட்டுன்றாளே"ன்னு வாயில வயித்துல அடிச்சுக்கிட்டாங்க. கேக்க நல்லா இருந்துச்சு. பொய் சொல்லுவானேன்?

கோர்ட்டுல கையெழுத்துப் போட்டேன். அவரு ஓசூர் பக்கம் ஒரு பொண்ணைக் கட்டிக்கிட்டாரு. புள்ள பொறந்துச்சான்னு நான் யாரையும் கேக்கல. கேக்க ஆசை இருந்துச்சு, அது வேற.

தங்கச்சிக்கு நானே அலைஞ்சு ஒரு மாப்பிள்ளை பாத்தேன். நல்ல பையன். குடும்பமும் கௌரவமான குடும்பம்தான். கல்யாணத்துல அவ மாமியார், "நீங்க முன்னாடி வந்து நிக்க வேணாம்மா, சாப்பாட்டுப் பக்கம் பாத்துக்கோங்க"ன்னாங்க. பாத்துக்கிட்டேன். என் தங்கச்சி வாழ்ந்தாப் போதும்னு அன்னிக்கு எனக்கு அதெல்லாம் ஒறைக்கவே இல்ல.

அவளுக்கு ஏழாம் மாசம் வளைகாப்பு வெச்சாங்க. அவளே போன் பண்ணினா. "அக்கா, நீ மத்தியானம் சாப்பாட்டுக்கு வந்துடுக்கா. காலைல சும்மா வளையல் போடுறது, நலங்கு வெக்கிறது, உனக்கு போரடிக்கும்." வார்த்தையில சக்கரையத் தடவித்தான் குடுத்தா. மாமியார்காரி பக்கத்துல நின்னு சொல்லச் சொல்லியிருப்பான்னு எனக்கு நானே சொல்லிக்கிட்டேன்.

எனக்குத்தான் திமிரு ஜாஸ்தியாச்சே. காலைலயே போனேன். இருக்கிறதுலயே நல்ல பட்டைக் கட்டிக்கிட்டு, தலை நெறைய பூ வெச்சுக்கிட்டுப் போனேன். மணையில ஒக்காந்திருந்தா, மூஞ்சி உப்பி, அவ்ளோ அழகா இருந்தா. ஒவ்வொருத்தரா வந்து கன்னத்துல சந்தனம் தடவி வளையல் போட்டாங்க. என்னை யாரும் கூப்பிடல. நானே எழுந்தேன். தட்டுலேருந்து ரெண்டு பச்சை வளையலை எடுத்துக்கிட்டு அவ முன்னாடி ஒக்காந்து, அவ கையப் புடிச்சேன்.

கையை இழுத்துக்கிட்டா. அவ மாமியார் ஒண்ணும் சொல்லல, யாரும் ஒண்ணும் சொல்லல. அவளேதான் இழுத்துக்கிட்டா. ரெண்டு கையாலயும் வயித்தை மூடிக்கிட்டு, மத்தவங்களுக்குக் கேக்காத மாதிரி, "தப்பா நெனைக்காதக்கா. புள்ளைக்கு ஏதாவது ஆயிடப் போவுது"ன்னா.

வளையலைத் தட்டுலயே வெச்சுட்டு, சாப்பிடாம வந்துட்டேன். அவளுக்குப் பொண்ணு பொறந்து, மொட்டை அடிச்சு, காதும் குத்தியாச்சாம். இன்னும் என் கண்ணுல காட்டல.