லெனின்கிராட்டில் படித்த தலைவர்

பிரகலாதன் ரஷ்யாவில் படித்தவர் என்பது கோப்பாயில் எல்லோருக்கும் தெரியும். தெரியாதவர் யாராவது அகப்பட்டால் அவரே போய்ச் சொல்லிவிடுவார். ஊர் அவருக்கு 'மொஸ்கோ' என்று பட்டம் வைத்திருந்தது. தான் படித்தது மொஸ்கோவில் இல்லை, லெனின்கிராட்டில் என்று முப்பது வருடமாகத் திருத்திப் பார்த்தார். ஊருக்கு இரண்டும் ஒன்றுதான். அவருடைய மனைவி அருந்ததிக்கும் இரண்டும் ஒன்றுதான், ஆனால் அவள் அதை வாய்விட்டுச் சொல்வதில்லை.

அங்கே அவர் படித்தது உழவு இயந்திரங்கள் பற்றி. ஊருக்கு வந்தபின் ஓர் உழவு இயந்திரத்தின் மூடியைக்கூட அவர் திறந்ததை யாரும் காணவில்லை. கூட்டுறவுச் சங்கக் கடையில் முகாமையாளராக இருந்து, அடுத்தவர் நிறுக்கும் சீனியைப் பார்த்துக்கொண்டே ஓய்வுபெற்றார். வீட்டில் கிணற்று மோட்டார் நின்றுபோனால் ஆள் பிடிப்பது அருந்ததிதான். அவர் கதிரையில் சாய்ந்தபடி சோவியத் மோட்டார்களின் ஆயுளைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருப்பார்.

படிப்பு ஒட்டாத அந்தத் தலையில் ஒன்று மட்டும் நன்றாக ஒட்டியிருந்தது, அங்கே நடந்த தேர்தல். வாக்களிப்பு நிலைய வாசலில் பாட்டுப் போடுவார்களாம். உள்ளே, மற்ற நாள்களில் கடையில் காணாத தோடம்பழமும் சொசேஜும் விற்பார்களாம். வாக்குச்சீட்டில் ஒரே ஒரு பெயர். சம்மதமென்றால் சீட்டை அப்படியே பெட்டியில் போட்டுவிட்டுத் தோடம்பழம் வாங்கப் போகலாம். சம்மதமில்லை என்றால்தான் சிரமம். எல்லோரும் பார்த்திருக்க மூலையிலுள்ள திரைக்குப் பின்னால் போய், அந்தப் பெயரை வெட்டிவிட்டு வரவேண்டும். திரைப் பக்கம் கால் திரும்பினாலே ஆள் யாரென்று தெரிந்துவிடும்.

"என்ன ஒழுங்கு தெரியுமே! ஒரு சத்தமில்லை, ஒரு சண்டையில்லை" என்று சொல்லும்போது அவர் முகம் நல்லூர்த் தேரைக் கண்டதுபோல உருகும்.

அந்தக் கதைக்கு ஒரு வால் உண்டு. எண்பத்தொன்பதாம் ஆண்டு பங்குனியில், அவர் ஊருக்குத் திரும்புவதற்குச் சற்று முன்னர், பல பெயர்கள் நிற்கலாம் என்று சட்டத்தைத் தளர்த்தி ஒரு தேர்தல் வைத்தார்கள். லெனின்கிராட்டின் கட்சிப் பெருந்தலை ஒருவரை எதிர்த்து மட்டும் யாரும் நிற்கவில்லை. சீட்டில் அவர் பெயர் தனியே நின்றது. பாதிக்கு மேற்பட்ட சனம் அந்தப் பெயரை வெட்டிவிட்டுப் போனது. எதிராளியே இல்லாமல் மனிதர் தோற்றார்.

"நன்றி கெட்ட சனம்" என்று பிரகலாதன் இந்த இடத்தில் கண்ணை மூடிக்கொள்வார். திருமணமான நாளிலிருந்து கேட்ட கதைகளில் அருந்ததிக்குப் பிடித்தது இந்த வால் மட்டுந்தான்.

அவர் ஊர்ச் சனசமூக நிலையத்தின் தலைவரானது சண்டை ஓய்ந்து சில வருடங்களின் பின்னர். பழைய தலைவர் போகிற வழியாயில்லை. பிரகலாதன் பொதுக்கூட்டத்தில் எழுந்து, சீட்டில் 'ஒருவரும் வேண்டாம்' என்றொரு வரி போடவேண்டும், ரஷ்யாவில் போட்டிருந்தார்கள் என்று வாதாடினார். போட்டார்கள். அந்த வரி பழைய தலைவரை வீட்டுக்கு அனுப்பியது, பிரகலாதன் கதிரையில் ஏறினார். அடுத்த முறை சீட்டைப் பார்த்தால் வரியைக் காணவில்லை.

"ரஷ்யாவிலை அதை எப்பவோ எடுத்துப்போட்டாங்கள்" என்றார்.

அதன்பின் அங்கே ஒரு சட்டம் மாறினால் இங்கே ஒரு விதி மாறியது. வாக்களிப்பதற்கு இத்தனை பேர் வந்தாக வேண்டும் என்பதை அங்கே நீக்கியிருந்தார்கள், இவரும் கூட்டத்துக்கான குறைந்தபட்ச ஆள்தொகையை நீக்கினார். ஆளுநர் பதவிக்கு நிற்பவர் உள்ளூர்ச் சபை உறுப்பினர்களிடம் கையெழுத்து வாங்கவேண்டும் என்று அங்கே வந்தது, இங்கேயும் தலைவர் பதவிக்கு நிற்பவர் நிர்வாக சபையில் ஐந்து பேரின் கையெழுத்து வாங்கவேண்டும் என்று வந்தது. நிர்வாக சபையில் ஏழு பேர். ஏழு பேரும் பிரகலாதன் பிடித்துப் போட்டவர்கள். இரண்டு தவணைக்கு மேல் ஒருவர் தலைவராக இருக்கக்கூடாது என்று நிலையத்தின் சட்டப் புத்தகமான பழைய யாப்பில் கிடந்தது. கொரோனா வந்த ஆண்டில் அங்கே யாப்பைத் திருத்தி, முந்தின தவணைகளைக் கணக்கில் எடுப்பதில்லை என்று வைத்தார்கள். பிரகலாதனும் யாப்பைத் திருத்தினார்.

"புது யாப்பின்படி பார்த்தா நான் இன்னும் ஒருக்காவும் தலைவரா இருக்கேல்லை" என்று கூட்டத்தில் கூசாமல் சொன்னார். முன்வரிசை கை தட்டியது. ஊருக்கு இரவல் கொடுக்கும் நிலையத்துக் கதிரை, பந்தல், சமையற் கிடாரம் எல்லாவற்றின் திறப்பும் அவர் இடுப்பில் தொங்கியது. கலியாணமோ செத்தவீடோ வராத வீடு ஊரில் இல்லை. ஒரு கிடாரத்துக்காக முதுகெலும்பைக் கழற்றி வைக்கும் ஆண்பிள்ளைகள் என்று அருந்ததி நினைத்துக்கொள்வாள்.

போன வருடத்துக்கு முந்தின வருடம் ஒரு நட்புறவுச் சங்கம் அவரை ரஷ்யத் தேர்தலுக்கு 'சர்வதேசப் பார்வையாளர்' என்று அழைத்தது. குளிருடுப்பு இரவல் வாங்கிப் போனார். காட்டிய இடங்களைப் பார்த்தார், தந்ததைச் சாப்பிட்டார். வாக்களிப்பு மூன்று நாள் நடந்ததும், பெட்டிகள் கண்ணாடிபோல இருந்ததும், ஓர் இடத்தில் மறைப்புக்குத் திரையே இல்லாததும் அவருக்கு நிறையப் பிடித்துப்போயின. அங்கே ஏதோ ஒரு தொலைக்காட்சிக்கு, மறந்துபோன ரஷ்ய மொழியில், "மிக நல்லது, மிகவும் நல்லது" என்று சொல்லியிருந்தார். அந்தக் காணொளியைக் கைப்பேசியில் காட்டாமல் அவர் யாரையும் ஒழுங்கையால் போகவிடுவதில்லை.

திரும்பி வந்தவரிடம் ஒரு திட்டம் இருந்தது. அதுதான் அருந்ததியின் பொறுமையைத் தொட்டது. நிலையத்தின் மண்டபத்தில் காலையில் நடப்பது முன்பள்ளி. அதன் ஆசிரியை அருந்ததி. ஊரில் இப்போது மீசை வைத்துத் திரியும் பாதிப்பேருக்கு அந்த மண்டபத்தில்தான் அவள் மூக்குத் துடைத்துவிட்டாள். அதை 'நட்புறவு மண்டபம்' ஆக்கப் போகிறாராம். ரஷ்யாவிலிருந்து நான்கு பெட்டிப் புத்தகங்கள் வந்து வீட்டில் இறங்கிவிட்டன. ஊரில் அவற்றை வாசிக்கக்கூடிய ஒரே ஆள் வாசிக்கிற பழக்கமில்லாதவர்.

"பிள்ளையளை எங்கை கொண்டுபோறது?" என்று கேட்டாள்.

"பின்னாலை கொட்டில் கிடக்குத்தானே."

"கிடாரம் அடுக்கிற தகரக் கொட்டிலோ? மத்தியானத்திலை அதுக்குள்ளை கோழியும் நிக்காது."

"இஞ்சை பார் அருந்ததி, நான் தனிய முடிவெடுக்கிற ஆளில்லை. பொதுக்கூட்டம் முடிவெடுக்கும்."

பொதுக்கூட்டம் என்ன முடிவெடுக்க வேண்டும் என்பதை அவர் ஏற்கெனவே தட்டச்சுச் செய்து வைத்திருந்தார்.

முன்பள்ளிப் பிள்ளை ஒன்றின் தாய் வினோஜா. இணுவிலிலிருந்து கலியாணம் முடித்து வந்தவள், வாய்க்காரி. தலைவர் பதவிக்குத் தான் நிற்கிறேன் என்று கிளம்பினாள். ஐந்து கையெழுத்துக்காக ஏழு படலையும் தட்டினாள். ஒருவருக்குக் கண்ணாடி உடைந்திருந்தது, ஒருவருக்குக் கைவிரல் சுளுக்கு, மற்றவர்கள் வீட்டில் இருந்துகொண்டே வீட்டில் இல்லை. வேட்பாளர் ஒருவர்தான் என்று அறிவித்தாயிற்று.

கூட்டம் ஞாயிறு பின்னேரம். வலது பக்கம் ஆண்கள், இடது பக்கம் பெண்கள். தொகையில் பெண்கள்தான் கூட. வீடுகளில் பாதி ஆண்கள் வெளிநாட்டில். சீட்டு முறையை விட்டபின் வந்த வழக்கப்படி கையுயர்த்துவதற்குச் செயலாளர் கோபிசங்கர் ஆயத்தமானபோது, முச்சக்கரவண்டி ஓட்டும் ஜெயசுதன் எழுந்தான். அவன் மகளும் முன்பள்ளியில்தான்.

"தலைவரண்ணை, இந்தமுறை கையுயர்த்தல் வேண்டாம். நீங்கள் முன்னாலை நிண்டு முழுசினா, கட்டையிலை போறவனும் எழும்பிக் கையைத் தூக்குவான். ரகசியமாப் போடுவம்."

கூட்டம் சிரித்தது. பிரகலாதனும் சிரித்தார். இதற்காகவே அவர் காத்திருந்ததுபோல இருந்தது.

"ரகசியந்தானே தம்பி? தாராளமா."

மேசைக்குக் கீழேயிருந்து ஒரு கண்ணாடிப் பெட்டி வெளியே வந்தது. வீட்டில் மீன் செத்து வெறுமையாய்க் கிடந்த தொட்டி. கோபிசங்கர் மூலையில் சுருட்டியிருந்த துணியை இழுத்துவிட்டான். அது அருந்ததியின் மாம்பழ நிறச் சேலை. அலுமாரியிலிருந்து அது காணாமற்போனதே அவளுக்கு அப்போதுதான் தெரிந்தது. சீட்டுகளும் அச்சாகி வந்திருந்தன. அவற்றில் ஒரே ஒரு பெயர்.

கோபிசங்கர் வாசித்தான். "தலைவர் வேணும் எண்டவை சீட்டை அப்பிடியே பெட்டியிலை போடலாம். வேண்டாம் எண்டவை மட்டும் திரைக்கு அங்கால போய்ப் பேரை வெட்டலாம். பென்சில் கட்டிக் கிடக்கு. அரைவாசிக்கு மேலை விழுந்தா அவர்தான் தலைவர். தலைவருக்கு விழுற வாக்கு நட்புறவு மண்டபத்துக்கும் விழுற வாக்கு."

அருந்ததி கணவனைப் பார்த்தாள். மனிதர் தன் இளமையை மண்டபத்துக்குள் கொண்டுவந்து இறக்கிவிட்ட பூரிப்பில் இருந்தார். அந்த நாடு பிந்திக் கற்ற தந்திரங்கள் எல்லாவற்றையும் இவர் பொறுக்கி வைத்திருந்தார். ஒற்றைப் பெயர்ச் சீட்டு எங்கே, எப்படிக் கவிழ்ந்தது என்பதை மட்டும், தன் வாயாலேயே ஆயிரம் தரம் சொல்லியும், மறந்துபோனார்.

ஆண்கள் முதலில் போனார்கள். சீட்டை மடிக்காமல், பெயர் தெரியும்படி தொட்டிக்குள் விட்டார்கள். சிலர் விட்டபின் தலைவரைப் பார்த்துப் பல்லைக் காட்டினார்கள். ஜெயசுதனின் முறை வந்தது. அவன் கண் திரைவரை போய்வந்தது. கால் தொட்டியடியில் நின்றது. அடுத்த மாதம் அவன் தங்கைக்குக் கலியாணம், நிலையத்துக் கதிரை வேண்டும். சீட்டு விழுந்தது.

அவன் அருகால் வந்தபோது அருந்ததி மெல்லக் கேட்டாள். "ரகசியம் கேட்டது நீயெல்லோ?"

"நான் ரகசியமாத்தான் போட்டனான், ரீச்சர்" என்றான் ஜெயசுதன், நிலத்தைப் பார்த்தபடி.

பெண்களின் முறை. "ரீச்சர், நீங்கள் துவக்கி வையுங்கோ" என்று கோபிசங்கர் குத்துவிளக்கு ஏற்றக் கூப்பிடுகிறவன்போல அழைத்தான். தலைவர் வேட்டியைச் சரிசெய்துகொண்டு தொட்டிக்குப் பக்கத்தில் நின்றார். கோபிசங்கரின் கைப்பேசி உயர்ந்தது. படம் ரஷ்யாவுக்குப் போகவேண்டியது.

அருந்ததி சீட்டை வாங்கினாள். தொட்டியைத் தாண்டினாள். தன் சேலையைத் தானே விலக்கிக்கொண்டு உள்ளே போனாள்.

கோபிசங்கரின் கைப்பேசி மெல்லக் கீழே இறங்கியது.

உள்ளே சிறிய மேசையில், நூலில் கட்டி, ஒரு புதுப் பென்சில் கிடந்தது. சீவாத பென்சில். திரை கட்டத் தெரிந்த மனிதருக்கு, அதன் பின்னால் ஒருவர் வந்து எழுதக்கூடும் என்று நினைக்கத் தெரியவில்லை. அவளுக்குச் சிரிப்பு வந்தது. முன்பள்ளி ஆசிரியையின் கைப்பையில் கட்டர் இல்லாமல் இருக்குமா? எடுத்துச் சீவத் தொடங்கினாள். கறுக், கறுக் என்ற சத்தம் மண்டபம் முழுக்கக் கேட்டது.

"அருந்ததி, என்ன, ஏதும் சிக்கிப்போச்சே?" தலைவரின் குரல் கொஞ்சம் மெலிந்திருந்தது.

"இல்லையப்பா. பென்சில் சீவுறன்."

பெண்கள் பக்கத்தில் யாரோ அடக்கமாட்டாமல் சிரித்தார்கள். அவள் அவசரப்படவில்லை. முனை நன்றாகக் கூரானபின், பிள்ளைகளுக்குக் கோடு பழக்குவதுபோல இடமிருந்து வலமாக ஒரு கோடு இழுத்தாள். முப்பது வருடக் கதை அந்தக் கோட்டுக்குக் கீழே போயிற்று. வெளியே வந்து சீட்டை மடித்துப் போட்டாள். கட்டரை உள்ளேயே விட்டிருந்தாள்.

வினோஜா அடுத்ததாக எழுந்து நேரே திரைக்குள் போனாள். அவளுக்குப் பின்னால் இன்னொருத்தி. பிறகு திரை வாசலில் வரிசையே நின்றது. தலைவரின் மனைவியே போன இடத்துக்குப் போவதில் யாருக்கு என்ன பயம்? கதிரை தரமாட்டேன் என்று அவர் மறிப்பதானால் தன் வீட்டிலிருந்தல்லவா தொடங்கவேண்டும்.

"முனை முறிஞ்சுபோச்சு, பொறுங்கோ!" என்று உள்ளேயிருந்து ஒரு குரல் வர, "வடிவாச் சீவடி, பின்னாலை ஆக்கள் நிக்கினம்!" என்று வெளியேயிருந்து பதில் போனது. ஆண்கள் தங்கள் செருப்புகளை ஆராய்ந்துகொண்டிருந்தார்கள்.

பிரகலாதன் தொண்டையைச் செருமினார். "ஒரு அறிவித்தல். இது முதலாம் நாள்தான். அங்கை மூண்டு நாள் வாக்களிப்பு நடக்கிறது. மிச்சம் நாளையும் நாளையிண்டைக்கும். அதுவரைக்கும் பெட்டி என்ரை வீட்டிலை பத்திரமா இருக்கும்."

"அது என்ரை வீடுந்தான்" என்றாள் அருந்ததி. "அங்கை பெட்டி வைக்க இடமில்லை. உங்கடை நாலு பெட்டிப் புத்தகம் கிடக்குது. இஞ்சையே எண்ணுங்கோ, கோபிசங்கர்."

கோபிசங்கர் தலைவரைப் பார்த்தான், பெண்கள் பக்கத்தைப் பார்த்தான், வாழ்க்கையில் முதன்முதலாகத் தொகையைக் கணக்கிட்டான். பிறகு தொட்டியைக் கவிழ்த்தான். எழுபத்தொரு சீட்டு. முப்பத்தெட்டில் பெயர் வெட்டியிருந்தது. முன்பள்ளி இருந்த இடத்திலேயே இருக்கும், புதிய தலைவருக்கு இன்னொரு கூட்டம் வைக்கப்படும் என்று வாசித்தபோது அவன் குரல் இப்போதே புதுத் தலைவருக்கு விசுவாசமாக இருந்தது. தன் பெயரைத் தவிர வேறு பெயரில்லாத தேர்தலில் தோற்ற மனிதர் திறப்புக்கோர்வையை இடுப்பிலிருந்து கழற்ற வெகுநேரம் எடுத்தார். ஜெயசுதன் ஓடிவந்து, "அண்ணை, நான் உங்களுக்குத்தான் போட்டனான்" என்றான். அப்புறம் யோசித்து, திறப்பு இனி யாரிடம் என்று விசாரித்தான்.

வீட்டுக்கு வந்த பிரகலாதன் புத்தகப் பெட்டி ஒன்றின்மேல் அமர்ந்தார். தேத்தண்ணியைக் கையில் வைத்தபடி ஆறவிட்டார். மனைவி திரைக்குள் போனது ஏன் என்றோ, அந்தத் தகரக் கொட்டிலில் பிள்ளைகள் என்ன ஆகியிருப்பார்கள் என்றோ அவர் யோசிப்பதாக அருந்ததி ஒரு கணம் தவறாக நம்பினாள்.

"அங்கை ஓரிடத்திலை திரை கட்டாமல் விட்டிருந்தவங்கள்" என்றார் கடைசியில். "ஏனெண்டு இப்பதான் விளங்குது."

அருந்ததி மாம்பழ நிறச் சேலையைச் சவர்க்காரத் தண்ணீரில் அமுக்கினாள்.