மாதா படம் ஒட்டிய பேணிகளைத் தேடி பலெர்மோவுக்கு

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: நான் பயந்தாங்கொள்ளி. 1996 ஆகஸ்டில் பாரிஸிலிருந்து ரயிலேறி இத்தாலியின் பலெர்மோ போனதற்குக் காரணம், என் தங்கை ரெஜினா தொலைபேசியில் சொன்ன ஒரு செய்தி. அவள் அங்கே பொலிதேயாமா பகுதியில் ஒரு வீட்டில் வேலை செய்துகொண்டிருந்தாள். அந்த வீட்டு எசமானி சிஞ்ஞோராவின் தகப்பன் ஒருகாலத்தில் சினிமாக் கொட்டகை நடத்தியவர். வீட்டை ஒதுக்கும்போது ஆறு தட்டைத் தகரப் பேணிகளைக் குப்பையில் போடச் சொல்லியிருக்கிறார் சிஞ்ஞோரா. மூடிகளில் மாதா படம் ஒட்டியிருந்தது. மாதாவைக் குப்பையில் போட மன்னாரில் பிறந்தவளுக்கு மனம் வருமா? நகரின் ஓரத்தில் பிரான்காச்சோவிலுள்ள தன் வீட்டுக்கே கொண்டுபோய்விட்டாள். படத்துக்குக் கீழே 'போர்த்தோ' என்று எழுதியிருப்பதாகவும் சொன்னாள்.

அன்று எனக்குத் தூக்கமில்லை. நான் பழைய படச்சுருள்களைப் பழுதுபார்க்கும் கூடத்தில் வேலை செய்தவன். போர்த்துகலின் போர்த்தோ நகரில் மாதா படங்கள் விற்கும் கடைக்காரராகத் தொடங்கி, சந்தைகளில் படம் காட்டி, பிறகு சொந்தமாக ஸ்டூடியோ கட்டி ஊமைப்படங்கள் எடுத்த ஒரு முதலாளியைப் பற்றி நெடுநாளாகத் தேடிக்கொண்டிருந்தேன். படங்கள் பேசத் தொடங்கியதும் மனிதர் நொடித்துப்போனார். சுருளில் இருந்த வெள்ளிக்காக அவருடைய படங்களையெல்லாம் அழித்துவிட்டார்கள். ஒன்றுகூட மிஞ்சவில்லை என்றுதான் நம்பியிருந்தேன். தன் சுருள் பேணிகளில் மாதா படம் ஒட்டுவது அவருடைய வழக்கம்.

அந்தக் காலத்துச் சுருள் நைட்ரேட். கெட்டுப்போனால் கோடை வெக்கையே போதும், தானாகப் பற்றிக்கொள்ளும். பற்றினால் தண்ணீர் ஊற்றியும் அணையாது. குசினிக்குள், அடுப்பருகே மட்டும் வைக்காதே என்று, காரணம் சொல்லாமல், ரெஜினாவிடம் சொல்லிவிட்டுப் புறப்பட்டேன்.

ரோமில் ரயில் மாற வேண்டும். சிசிலிக்குப் போகும் இடத்தில் ரயிலையே கப்பலில் ஏற்றுகிறார்கள், இறங்கத் தேவையில்லை. நான் பலெர்மோவில் இறங்கியது 15ஆம் திகதி காலை பத்து மணிக்கு. ரெஜினா நிலையத்தில் நின்றாள்.

"பேணியள் கவனமோ?" என்றேன்.

"ஓம் அண்ணா. நீங்கள் சொன்ன மாதிரி குசினியிலை வைக்கேல்லை. மாதாவின்ரை காலடியிலை அடுக்கி, மேலை விளக்குக் கொளுத்தி வைச்சிட்டு வாறன். இண்டைக்கு எங்கடை மடு மாதாவின்ரை திருநாள் எல்லோ."

வீட்டில் ஆர் என்று கேட்டேன். "அவர் இரவு வேலை முடிஞ்சு படுக்கிறார். பிள்ளையளும் நித்திரை" என்றாள். தொலைபேசிக் கூண்டிலிருந்து வீட்டுக்கு எடுத்தோம். மணி அடித்துக்கொண்டேயிருந்தது. அன்று இத்தாலி முழுக்க விடுமுறை, டாக்சி ஒன்றும் இல்லை. பஸ்ஸுக்கு நாற்பது நிமிடம் நின்றோம். டிக்கெட் 1500 லீரா. பஸ்ஸில் விஷயத்தைச் சொன்னேன். அவள் என் கையைப் பிடித்தவள் இறங்கும்வரை விடவில்லை. ஒவ்வொரு வளைவிலும் கட்டடங்களுக்கு மேலே புகை தெரிகிறதா என்று பார்த்தேன். மடியில் நெருப்பைக் கட்டிக்கொண்டு இருப்பது என்றால் என்னவென்று அன்றுதான் புரிந்தது.

நான்காம் மாடி. கதவைத் திறந்ததும் வியர்த்த காலுறைபோல் ஒரு நாற்றம், அதுதான் கெட்டுப்போன நைட்ரேட்டின் நாற்றம். உள்ளறையில் புருஷனும் பிள்ளைகளும் இன்னும் நித்திரை. விளக்கு எரிந்துகொண்டிருந்தது. ஓடிப்போய் வாயால் ஊதி அணைத்தேன். வேறு நாளென்றால் அதற்கே ரெஜினா என்னைத் தின்றிருப்பாள். அன்று தரையில் குந்திவிட்டாள்.

"நான் பிள்ளையளுக்காக எல்லோ கொளுத்தினனான், அண்ணா" என்று அழுதாள்.

மேல் பேணி கையைச் சுட்டது. பல்கனிக்குக் கொண்டுபோய் ஒவ்வொன்றாகத் திறந்தோம். ஐந்தில் பழுப்புத் தூளும் பிசினும். ஆறாவதிலும் பிசின் கசியத் தொடங்கியிருந்தது, ஆனால் உள்ளே படம் இருந்தது. எங்கள் கூடத்துக்குக் கொண்டுபோனால் பாதியையாவது காப்பாற்றியிருக்கலாம். அதற்கு அந்த வெக்கையில் சனம் நிறைந்த ரயிலில் ஒரு பகலும் இரவும் போக வேண்டும். என்னால் முடியாது. பயம்தான், வேறென்ன.

அந்தப் பக்கம் குழாயில் தினமும் தண்ணீர் வராது என்பதால் எல்லார் பல்கனியிலும் பெரிய பீப்பாய் இருக்கும். சுருள்களை அதற்குள் அமிழ்த்தினோம், வீட்டில் இருந்த தண்ணீரெல்லாம் அதற்குத்தான் போயிற்று. கெட்ட சுருளைப் பற்றுமுன் தண்ணீருக்குள் வைத்தால் ஆபத்துக் குறையும், ஆனால் படம் கரைந்துவிடும். தீயணைப்புக்காரரைக் கூப்பிட ரெஜினாவுக்கு நடுக்கம், புருஷனின் வதிவிட அனுமதி, பெர்மேசோ, இன்னும் புதுப்பித்து வரவில்லை. கடைசியில் ரெஜினா சிஞ்ஞோராவுக்கு எடுத்துச் சொல்ல, அவரே தீயணைப்புக்காரரை அழைத்தார். அவர்கள் வந்து பீப்பாயோடு கொண்டுபோனார்கள், ஒருவரிடமும் ஒரு தாளும் கேட்கவில்லை.

போகிறவர்களுக்கு: ஆகஸ்ட் 15இல் பலெர்மோவில் இறங்காதீர்கள். பழைய சுருள் கிடைத்தால் எங்களைப்போல் திறக்காதீர்கள், வீட்டில் வைக்காதீர்கள், பஸ்ஸில் ஏற்றாதீர்கள். வெளியே வந்து தீயணைப்புக்காரரைக் கூப்பிடுங்கள்.

ஆறாவது சுருளை அமிழ்த்த முன் நுனியை வெளிச்சத்தில் பிடித்தேன். கடற்கரையில் ஒரு பெண் நின்று கையசைக்கிறாள். ரெஜினாவும் குனிந்து பார்த்தாள்.

"ஆரைக் கூப்பிடுறா, அண்ணா?"

இன்னும் கொஞ்சம் விரித்தால் தெரிந்திருக்கும். உள்ளே ரெஜினாவின் சின்னவள் இருமினாள். சுருளைத் தண்ணீருக்குள் விட்டேன்.