எங்களைப் பொய்யர் என்று எழுதிய மாலுமி

என் அக்கா சிறிதேவியின் மகள் கஜேந்தினி கலாநிதிப் பட்டம் எடுத்த கதை, இந்தக் குளிர் நாட்டில் எங்கள் தமிழ்ச் சனம் வாழும் ஸ்டோவ்னர் முழுக்கத் தெரியும். அதற்காக அந்தப் பிள்ளை வீட்டில் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். அம்மருட் அடுக்குமாடியில் பிறந்து வளர்ந்தவள். நல்ல புள்ளிகள் எடுத்ததால், மருத்துவம்தான் படிப்பாள் என்று சனம் தீர்மானித்து வைத்திருந்தது. அவள் போய்ச் சரித்திரம் படித்தாள். அதுவும் எந்தச் சரித்திரம்? நானூறு வருடத்துக்கு முன் கப்பலேறிய வெள்ளைக்காரர்கள், இன்ன தேசத்தார் இப்படி உண்பார்கள், இப்படிக் கலியாணம் கட்டுவார்கள் என்று எழுதிவைத்த பயணப் புத்தகங்கள். இதற்கும் ஒருவன் சம்பளம் தருவானா என்று நானே வாய்விட்டுக் கேட்டேன். தந்தார்கள்.

அந்தப் புத்தகங்களில் ஒன்றைப் பிடித்துக்கொண்டாள். இந்த நாட்டுப் பேர்கன் துறைமுகத்து மாலுமி ஒருவன் டென்மார்க் கப்பலில் தரங்கம்பாடிக்குப் போய், அங்கிருந்து யாழ்ப்பாணத்துக்கும் வந்து, சில மாதம் தங்கி எழுதியது. ஒரு ஞாயிறு சாப்பாட்டின்போது அதில் பகிடியான இடங்களை எங்களுக்கு வாசித்துக் காட்டினாள். அவன் குளிக்காமல் திரிந்தானாம், எங்கள் சனம் மூக்கைப் பொத்திக்கொண்டு வழி விட்டதாம். கிணற்றடியில் வழுக்கி விழுந்தானாம், பெண்கள் சிரித்தார்களாம். நாங்களும் வயிறு நோகச் சிரித்தோம். அத்தோடு நிறுத்தியிருக்கலாம். படித்த பிள்ளைகளுக்கு எங்கே நிறுத்துவது என்று தெரியாது. அடுத்த பக்கத்தையும் வாசித்தாள். ‘இச்சாதியார் பிறவியிலேயே பொய்யர், இவர்கள் சத்தியம் செய்தாலும் நம்பலாகாது.’

அவள் தகப்பன், என் அத்தான் தில்லைநாதன், பாதிச் சோற்றில் எழும்பிக் கையைக் கழுவினார்.

அத்தானுக்கு ஏன் அப்படிச் சுட்டது என்று சொல்ல வேண்டும். அவர் அகதியாக வந்து இறங்கியபோது விசாரித்த அதிகாரி ஒருவன், அவர் முதுகுத் தழும்பைப் பார்த்த பிறகும், சொல்வதெல்லாம் பொய் என்று எழுதிவிட்டான். வடக்கே ஒரு முகாமில் பனிக்குள் கிடந்து, மேன்முறையீடு செய்துதான் இந்த நாட்டில் இருக்க அனுமதி எடுத்தார். பிறகு பஸ் ஓட்டினார், வீடு வாங்கினார், பிள்ளையை வளர்த்தார். அந்த ஒரு சொல் மட்டும் அவர் நெஞ்சை விட்டுப் போகவே இல்லை.

“என்னைப் பொய்யன் எண்டவனை நான் இஞ்சை வந்த அண்டே கண்டிட்டன்,” என்றார். “அவன்ரை பூட்டனைப் படிக்கவோ நீ பல்கலைக்கழகம் போறாய்?”

அதற்குப் பிறகு அவள் படிப்பைப் பற்றி அந்த வீட்டில் பேச்சே இல்லை. அவள் வாயைத் திறந்தால் அத்தான் தொலைக்காட்சிச் சத்தத்தைக் கூட்டுவார். இவளும் அவர் மகள்தானே, அதே பிடிவாதம். என்னிடம் மட்டும் ஒருநாள் சொன்னாள்: “பட்டம் கிடைக்கும் சின்னம்மா. ஆனால் நான் என்ன கண்டுபிடிச்சனான் எண்டு அப்பா ஒருக்கா எண்டாலும் கேக்க வேணும். கேக்காட்டி எனக்கு இந்தப் பட்டத்திலை ஒரு சந்தோசமும் இல்லை.”

கடைசியில் டிஸ்புட்டாஸ் என்று ஒரு நாள் குறித்தார்கள். பட்டமளிப்பு விழாவாக்கும் என்று நினைத்து, நான் பொன்னாடையும் ஒரு பெட்டி றோல்ஸுமாகப் பாதி ஸ்டோவ்னரையும் கூட்டிக்கொண்டு போனேன். போன பிறகுதான் தெரிந்தது, அது சபைக்கு முன்னால் நடக்கும் பரீட்சையாம். எதிர்வாதிகள் என்றே இரண்டு பேரைக் கூப்பிட்டு, பிள்ளையைக் குடைந்து எடுக்க விடுவார்களாம். பொன்னாடையைக் கதிரைக்குக் கீழே தள்ளிவிட்டு உட்கார்ந்தேன்.

துரொண்ட்ஹெய்மிலிருந்து வந்த நெடுவல் பேராசிரியை ஒருத்தி குடைந்தாளே ஒரு குடை! போரடிக்கிறது என்று சிலர் றோல்ஸ் பெட்டியை மோப்பம் பிடித்தார்கள். கஜேந்தினி அசையவில்லை. ஒவ்வொரு கேள்விக்கும் நின்று பதில் சொன்னாள். அப்போதுதான் திரும்பிப் பார்த்தேன். வேலை இருக்கிறது, வரமாட்டேன் என்று சொன்ன அத்தான், பஸ் சாரதிச் சட்டையோடு பின்வரிசையில் இருந்தார்.

இடைவேளையில் அவர் எழும்பி நேரே சபைத் தலைவரிடம் போய் ஏதோ சொன்னார். அக்கா கண்ணை மூடிக் கந்தசுவாமியைக் கூப்பிடத் தொடங்கிவிட்டா. சபையில் இருக்கும் எவரும் எதிர்வாதியாக எழும்பிக் கேட்கலாம் என்பது இங்கே பழைய வழக்கமாம். அனேகமாக ஒருவரும் கேட்பதில்லை. அன்றைக்குத் தலைவர் பெயரை வாசித்தார்: தில்லைநாதன்.

அத்தான் இந்த நாட்டு மொழியான நொர்ஸ்க்கில் நிதானமாகக் கேட்டார். என் சனம் பிறவியிலேயே பொய்யர் என்று இந்த மனிதன் எழுதியிருக்கிறான். நீ இத்தனை வருடம் அவனோடு இருந்திருக்கிறாய். அவனை நம்புகிறாயா?

கஜேந்தினி மேசையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். இந்த மாலுமி தான் வெட்கப்பட்ட இடங்களைத் தன் கண்ணால் கண்டு எழுதினான், அவற்றை நம்புகிறேன் என்றாள். ஆனால் ஒரு தேசத்துக்கே தீர்ப்புச் சொல்லும் இடங்கள் அவனுடையவை அல்ல. அந்தக் காலத்தில் இப்படி எழுதியவர்கள் ஒருவர் புத்தகத்திலிருந்து மற்றவர் களவெடுத்தார்கள். அந்தப் பொய்யர் வசனத்தை நூலகம் நூலகமாகத் தேடினேன். அதற்கு முந்திய ஜெர்மன் வியாபாரி ஒருவனின் புத்தகத்தில் சொல்லுக்குச் சொல் அப்படியே இருக்கிறது. சனத்தின் பெயர் மட்டும்தான் வேறு. அந்த வியாபாரி அதை எழுதியது பேர்கன் கரை மீனவர்களைப் பற்றி.

மண்டபமே வெடித்துச் சிரித்தது. நெடுவல் பேராசிரியை கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்தாள். கஜேந்தினி சிரிக்கவில்லை. அப்பாவைப் பார்த்துத் தமிழில் சொன்னாள்: “தன்ரை சனத்துக்கு ஆரோ சொன்ன பழியைத் தூக்கி எங்கடை தலையிலை போட்டவன் அப்பா. பொய் சொன்னது அவன்தான். அவனைக் கையும் மெய்யுமாப் பிடிக்கத்தான் நான் இவ்வளவு காலம் இருந்தனான்.”

வேறு கேள்வி உண்டா என்று தலைவர் கேட்டார். அத்தான் இல்லை என்று தலையை ஆட்டினார். ஆனால் உட்கார மறந்துபோய் நின்றார்.

பிள்ளை வென்றாள். எதிர்த்துக் கேட்டவர்கள் இரவு விருந்துக்கு வந்து பேச வேண்டும் என்பதும் வழக்கமாம். வேலையை மாற்றிக்கொண்டு அத்தான் வந்தார். குடும்பத்தோடு அல்ல, எதிர்வாதிகளின் மேசையில், நெடுவல் பேராசிரியைக்குப் பக்கத்தில் அவரை உட்காரவைத்தார்கள். முறை வந்ததும் எழும்பி, நொர்ஸ்க்கில் இரண்டு வசனம் சொன்னவர், அதை விட்டுவிட்டுத் தமிழுக்கு வந்தார்.

“இந்த நாட்டிலை என்ரை சொல்லை நம்பாமல் என்னைத் தோக்கடிச்சவை கனபேர். இண்டைக்கு என்ரை பிள்ளை தோக்கடிச்சிருக்கிறாள். இப்பிடித் தோக்கிறதெண்டால் நான் தினமும் எழும்பிக் கேள்வி கேப்பன்.”

என்ன சொல்கிறார் என்று மேசை மேசையாகக் கேட்டார்கள். கஜேந்தினி மொழிபெயர்க்க எழும்பினாள். அழுகையில் அவளுக்கு ஒரு சொல்லும் வரவில்லை. விடுவேனா? நானே எழும்பி, எனக்குத் தெரிந்த நொர்ஸ்க்கில், கடைசி மேசைக்கும் கேட்கும்படி சொன்னேன்.